கள்ளிக்கு உள்ளே ஒரு சிவப்பு

போன வெள்ளிக்கிழமை காலை வாசலில் கோலம் போட்டுவிட்டு நிமிர்கிறேன், எதிர் வீட்டுத் திண்ணையில் ஒரே அமளி. சின்ன காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவில் காலை வேளையில் சத்தம் கேட்டால், ஒன்று வரதராஜப் பெருமாள் புறப்பாடாக இருக்க வேண்டும்; இல்லாவிட்டால் மாமியார் மாட்டுப்பெண் விவகாரமாக இருக்க வேண்டும். அன்று புறப்பாடு இல்லை.

என்னைக் கண்டதும் எதிர் வீட்டு மாமி கையைத் தட்டிக் கூப்பிட்டாள். "வாடியம்மா, நீயே வந்து நியாயத்தைச் சொல்லு. நாகதாளியைக் காசு கொடுத்து வாங்கிண்டு வந்திருக்காளே, இது எங்கேயாவது உண்டா? இதை வெட்டி எறியறதுக்கு ஊரே கூலி கொடுத்ததுன்னு என் மாமனார் கதை கதையாச் சொல்லுவார். இவள் என்னடான்னா, விலை கொடுத்து உள்ளே கொண்டு வரா!"

திண்ணை ஓரத்தில் குற்றவாளி நின்றிருந்தது. ஒரு சின்ன மண் தொட்டி. அதில் ஒன்றன் மேல் ஒன்றாக உள்ளங்கை அகலத்தில் மூன்று பச்சைத் தட்டுகள். சாட்சாத் சப்பாத்திக் கள்ளி! சென்னைக்குக் கல்யாணத்துக்குப் போன இடத்தில் ஒரு நர்ஸரியில் மாட்டுப்பெண் வாங்கி வந்ததாம்.

"அக்கா, அம்மாவுக்குச் சொல்லுங்கோ. இதுக்குத் தினம் தண்ணி விட வேண்டாம். மொட்டை மாடியிலே வெயில்லே கிடந்தாலும் வாடாது. மஞ்சளா அழகாப் பூக்குமாம்" என்றாள் அந்தப் பெண். குரலில் அழுகை எட்டிப் பார்த்தது.

"பேரே கள்ளி! அதை யாராவது வீட்டுக்குள்ளே விடுவாளா?" என்றாள் மாமி.

சகோதரிகளே, மாமியார் மாட்டுப்பெண் வழக்கில் உடனே தீர்ப்புச் சொல்கிறவர்கள் பிழைத்ததாகச் சரித்திரம் கிடையாது. நான் ஒரு வாரம் வாய்தா கேட்டுக்கொண்டு வந்துவிட்டேன். அந்த ஒரு வாரம் புஸ்தகங்களைப் புரட்டியதில் தெரிந்துகொண்ட சங்கதிகளை உங்களுக்கும் சொல்ல வேண்டும் என்று தோன்றுகிறது. இந்த முள் செடிக்குப் பின்னால் ராஜாங்கங்களின் பேராசை இருக்கிறது. நம் பட்டுப் புடவைக்கு ரொம்பப் பிடித்தமான சிவப்பு நிறமும் இருக்கிறது.

* * *

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். நாம் கள்ளி என்று பொதுப்படையாகச் சொல்வது இரண்டு வெவ்வேறு குடும்பங்களை. சதுரக் கள்ளி, திருகு கள்ளி, இலைக் கள்ளி ஆகியவை ஆமணக்குக்குப் பங்காளிகள். சங்க நூல்களில் பாலை நிலத்திலும் சுடுகாட்டிலும் வருகிற கள்ளி இந்த வம்சம்தான். சப்பாத்திக் கள்ளி அப்படி அல்ல. அது அமெரிக்கக் கண்டத்துக் குடும்பம். இரண்டும் வறண்ட நிலத்தில் பிழைக்க வேண்டியிருந்தது. ஆகவே இரண்டும் இலையைச் சுருக்கிக்கொண்டு, தண்டிலே தண்ணீரைச் சேமித்து, உடம்பெல்லாம் முள்ளைப் போர்த்திக்கொண்டன. ஒரே மாதிரி கஷ்டப்பட்டவர்களுக்கு முகச் சாயலும் ஒரே மாதிரி ஆகிவிடுவதைப் பார்த்ததில்லையா? அந்த மாதிரிதான்.

இரண்டையும் அடையாளம் காண்பது சுலபம். ஒடித்தால் வெள்ளை வெளேரென்று பால் வடிந்தால் அது பெரும்பாலும் நம் ஊர்க் கள்ளி வம்சம். சப்பாத்திக் கள்ளியில் பால் கிடையாது. வழவழப்பான நீர்தான் வரும். ஆனால் இதைச் சோதித்துப் பார்க்கிறேன் என்று கையால் ஒடிக்க வேண்டாம். திருகு கள்ளிப் பால் கண்ணில் தெறித்தால் பார்வைக்கே ஆபத்து. தப்பித் தவறிப் பட்டுவிட்டால் நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவிக்கொண்டு உடனே டாக்டரிடம் ஓட வேண்டும்.

கள்ளிப் பால் என்று எழுதும்போதே கை கொஞ்சம் தயங்குகிறது. நம் நாட்டில் சில ஊர்களில் பெண் சிசுக்களின் வாயில் அதை வார்த்த கொடுமையை நாம் எல்லோரும் கேட்டிருக்கிறோம். அதைத் தடுக்க வேண்டும் என்றுதான் 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் சேலத்தில் ஆரம்பமாயிற்று. கள்ளி என்ற பெயரைக் கேட்டவுடன் நம் வீட்டுப் பெரியவர்கள் முகம் சுளிப்பதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். ஆனால் அந்தப் பாவத்தில் சப்பாத்திக் கள்ளிக்குப் பங்கு இல்லை. அதன் பெயரில் இருக்கிற வழக்கு வேறு.

* * *

கொலம்பஸ் 1492-ஆம் ஆண்டு மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போய்ச் சேரும் வரையில், நம் பக்கத்து மனிதர்கள் யாரும் சப்பாத்திக் கள்ளியைக் கண்ணால் பார்த்ததில்லை. இந்தக் குடும்பம் முழுவதுமே அமெரிக்காவின் சொத்து. ஒரே ஒரு கொடிக் கள்ளி மட்டும் ஆப்பிரிக்காவிலும் இலங்கையிலும் தானாக வளர்கிறது. அதன் பெயர் ரிப்ஸாலிஸ்.

நம் ஊரில் வேலியோரத்தில் புதராகக் கிடக்கிற நாகதாளிக்கு, கரிபியன் கடலோரத்துப் பிரதேசங்கள்தான் பூர்வீகம். அங்கே அதன் உறவினர்கள் எப்படி இருக்கிறார்கள் தெரியுமா? மரமாக நிற்கிறார்கள்! ஹிஸ்பானியோலா என்று ஒரு தீவு. இன்று ஹெய்ட்டி, டொமினிக்கன் குடியரசு என்று இரண்டு தேசங்களாக இருக்கிறது. அங்கே கான்ஸோலியா என்கிற மரக் கள்ளி உண்டு. நல்ல அடிமரம் வைத்து, ஆள் உயரத்தைத் தாண்டி வளர்ந்து, உச்சியில் பச்சைத் தட்டுகளை அடுக்கிக்கொண்டு நிற்கும். அதே தீவில் பயாஹிபே என்ற கடலோரக் கிராமத்தின் பக்கம் இன்னொரு மரக் கள்ளி. இதற்குச் சாதாரண மரங்களைப் போல இலைகளே உண்டு. பூவோ ரோஜா நிறம். 'பயாஹிபே ரோஜா' என்றுதான் அழைக்கிறார்கள். 2011-இல் டொமினிக்கன் குடியரசு அதைத் தன் தேசிய மலராக அறிவித்தது. நாம் வாசலில் விடமாட்டோம் என்கிற கள்ளிச் சாதியில் ஒன்று, அங்கே ஒரு நாட்டின் கௌரவமாக இருக்கிறது!

அப்படிப்பட்ட செடிக்கு இந்தச் சீமையில் என்ன வேலை? ஏழு கடல் தாண்டி அதை அழைத்து வந்தவர்களில் பலருக்குச் செடியின் மேல் மோகம் இல்லை. அதன் மேல் உட்கார்ந்து சாறு உறிஞ்சும் ஒரு துக்குணிப் பூச்சியின் மேல்தான் மோகம்.

* * *

அந்தப் பூச்சிக்குக் காச்சினீல் என்று பெயர். கள்ளித் தட்டின் மேல் வெள்ளைப் பஞ்சு ஒட்டிக்கொண்டிருக்கிற மாதிரி இருக்கும். பஞ்சை விரலால் நசுக்கினால் குங்குமத்தைக் கரைத்தாற்போல் செக்கச் செவேல் என்று வழியும். மெக்ஸிகோ நாட்டுப் பழங்குடிகள் இந்தப் பூச்சியை நம் பட்டுப்புழுவைப் போலப் பக்குவமாக வளர்த்துச் சாயம் எடுத்தார்கள். ஸ்பெயின்காரர்கள் அந்த நாட்டைப் பிடித்த பிறகு, இந்தச் சிவப்பு ஐரோப்பாவில் தங்கத்தோடும் வெள்ளியோடும் சேர்த்துப் பேசப்பட்டது. ஒரு பவுண்டு சாயத்துக்குச் சுமார் 70,000 பூச்சிகள் வேண்டும் என்றால் விலையைக் கேட்பானேன்! ரகசியம் வெளியே போகாமல் ஸ்பெயின் பூட்டிப் பூட்டி வைத்துக்கொண்டது. பிரிட்டிஷ் ராணுவ அதிகாரிகளின் சிவப்புக் கோட்டுக்கும் இந்தச் சாயம்தான். எதிராளியின் கடையில் சாயம் வாங்கித் தன் சேனைக்குச் சட்டை தைப்பது யாருக்குத்தான் பிடிக்கும்?

இந்த இடத்தில் நம் சென்னைப் பட்டணம் கதைக்குள் வருகிறது. கிழக்கிந்தியக் கம்பெனியில் டாக்டர் ஜேம்ஸ் ஆண்டர்ஸன் என்று ஒரு ஸ்காட்லாந்துக்காரர் இருந்தார். வைத்தியத்தில் எவ்வளவு ஆர்வமோ அவ்வளவு ஆர்வம் செடி கொடிகளிலும். 1786-இல் சென்னைப் பக்கத்தில் ஒரு பூச்சியைக் கண்டெடுத்து, காச்சினீல் கிடைத்துவிட்டதென்று லண்டனுக்குக் கடிதத்தின் மேல் கடிதமாக எழுதினார். அது உண்மையான காச்சினீல் இல்லை என்று பிறகு தெரிந்தது. மனிதர் விடவில்லை. லண்டன் க்யூ தோட்டம் முதலான இடங்களிலிருந்து கள்ளிச் செடிகள் தருவிக்கப்பட்டன. சைதாப்பேட்டையில் கள்ளிக்கென்றே ஒரு தோட்டம் உண்டாயிற்று. பஸ்ஸும் ரயிலுமாகப் பறக்கிற இன்றைய சைதாப்பேட்டையில், ராஜாங்கச் செலவில் சப்பாத்திக் கள்ளிக்குப் பாத்தி கட்டியிருந்தார்கள் என்றால் சிரிப்பு வருகிறதல்லவா? இதே ஆண்டர்ஸன்தான் சென்னை ராஜதானியில் முசுக்கொட்டை நட்டுப் பட்டுப்புழு வளர்க்கவும் பாடுபட்டவர். பட்டும் இங்கேயே விளைய வேண்டும், அதற்குச் சிவப்பும் இங்கேயே கிடைக்க வேண்டும் என்று கனவு கண்டார்.

கடைசியில் பூச்சி வந்தே விட்டது. 1795-இல் நீல்ஸன் என்ற ராணுவக் காப்டன், பிரேஸில் தேசத்து ரியோ டி ஜெனிரோ துறைமுகத்திலிருந்து கொஞ்சம் பூச்சிகளைக் கப்பலில் கல்கத்தாவுக்குக் கொண்டு வந்தார். அங்கிருந்து அவை பல இடங்களுக்கும் பங்கிடப்பட்டன. எல்லோரும் மெக்ஸிகோச் சிவப்பு வந்துவிட்டது என்று பூரித்துப் போனார்கள். ஆனால் வந்தது அசல் அல்ல. அதன் காட்டு உறவு! சாயம் மட்டம். விலை போகவில்லை. ஆண்டர்ஸன் 1809-இல் காலமானார். அவர் கனவு கண்ட சிவப்பு கடைசி வரை பலிக்கவில்லை.

சாயம் பலிக்காவிட்டாலும் பூச்சிக்குப் பசி இருந்ததே! அப்போது நம் நாட்டில் பரவியிருந்த ஒருவகைக் கள்ளியை அது இருந்த இடம் தெரியாமல் தின்று தீர்த்தது. இந்த வேடிக்கையைப் பார்த்துவிட்டு, 1860-களில் இலங்கைக்கும் வேண்டுமென்றே அதைக் கொண்டுபோய் விட்டார்கள். ஒரு பூச்சியை ஏவிக் களையை ஒழிப்பது என்ற வித்தைக்கு உலகத்திலேயே முதல் பாடங்களில் இது ஒன்று.

* * *

இவ்வளவுடன் கதை முடிந்திருந்தால் மாமியின் மாமனாருக்குச் சொல்ல ஒன்றும் இருந்திராது. அந்தப் பூச்சி எல்லாக் கள்ளியையும் தொடவில்லை. நம் நாகதாளி அதற்குப் பிடிக்கவில்லை. மாடு நுழையாத வேலி என்று ஜனங்களும் நாகதாளியை ஆசையாக நட்டார்கள். வேலிக்கு வைத்தது வயலுக்குள் வந்தது. ஒரு தட்டு ஒடிந்து விழுந்தால் போதும், அதுவே வேர் விட்டுப் புதுச் செடியாகிவிடும். பழத்தைத் தின்ற பறவைகள் விதையை ஊர் ஊராகத் தூவின. வெட்டினால் வெட்டின இடத்தில் பத்தாக முளைத்தது. பஞ்ச காலத்தில் முள்ளைத் தீயில் பொசுக்கி மாடுகளுக்குப் போட்டதும் உண்டு, பிள்ளைகள் பழத்தைத் தின்று வாயெல்லாம் சிவந்து திரிந்ததும் உண்டு. அந்த உபகாரங்களை மறக்கக் கூடாது. ஆனாலும் மேய்ச்சல் நிலமும் விளைநிலமும் முள்ளுக்குள் போன குடியானவன் வயிற்றெரிச்சலுக்கு அது ஈடாகுமா?

விமோசனம் 1926-இல் வந்தது. முதல் பூச்சியின் சகோதர இனம் ஒன்றை இலங்கையிலிருந்து தென்னிந்தியாவுக்குத் தருவித்தார்கள். இதற்கு நாகதாளி என்றால் விருந்து! ஐந்தாறு வருஷங்களில் சுமார் 40,000 ஹெக்டேர், அதாவது ஏறக்குறைய ஒரு லட்சம் ஏக்கர் நிலம், கள்ளியிலிருந்து மீண்டது. அரிவாளாலும் நெருப்பாலும் ஆகாததை, கடுகளவுப் பூச்சி சாதித்தது. இன்றைக்கும் ஊர்ப்புறங்களில் நாகதாளியின் மேல் வெள்ளைப் பஞ்சு அப்பியிருப்பதைப் பார்க்கலாம். அது அந்தப் பரம்பரையாக இருக்கக்கூடும். ஆஸ்திரேலியாவிலும் இதே கூத்துத்தான். அங்கே 1788-இல் கள்ளியும் பூச்சியும் சேர்ந்தே, சிவப்புச் சாயத்துக்காகவே, கப்பலில் போய் இறங்கின. பிற்பாடு கள்ளி கோடிக்கணக்கான ஏக்கரை விழுங்கியபோது, 1920-களில் அர்ஜென்டினாவிலிருந்து காக்டோபிளாஸ்டிஸ் என்ற அந்துப் பூச்சியை வரவழைத்து ஒழித்தார்கள். அந்தப் பூச்சிக்கு நன்றியாகக் குவீன்ஸ்லாந்தில் 1936-இல் ஒரு மண்டபமே கட்டியிருக்கிறார்கள்!

"அப்படியானால் பூச்சி நல்லது, கள்ளி கெட்டது, மாமி கட்சிதான் ஜெயம்" என்று முடிவு கட்டிவிடாதீர்கள். மிச்சக் கதையையும் கேளுங்கள்.

ஆஸ்திரேலியாவில் மண்டபம் வாங்கிய அதே அந்துப் பூச்சியை, 1957-இல் கரிபியன் கடலில் உள்ள நீவிஸ் தீவில் கொண்டுபோய் விட்டார்கள். மேய்ச்சல் நிலத்தில் கள்ளி அதிகமாகிவிட்டதாம். ஆனால் அது கள்ளியின் பிறந்த வீட்டுப் பக்கம் அல்லவா? பூச்சி தீவுக்குத் தீவு தாவியது. 1989-இல் அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் காணப்பட்டது. அங்கே தென்கோடித் தீவுகளில் மட்டுமே வளர்கிற ஒரு மரக் கள்ளி இருக்கிறது. ஹிஸ்பானியோலாவில் பார்த்தோமே கான்ஸோலியா, அதன் கூடப் பிறந்தது. ஏற்கெனவே சொற்ப எண்ணிக்கையில் இருந்த அதற்கு இந்தப் பூச்சியும் எமனாக வந்து சேர்ந்தது. 2013-இல் அமெரிக்க அரசு அதை அழியும் அபாயத்தில் உள்ள இனமாக அறிவித்துப் பாதுகாக்க வேண்டியதாயிற்று.

நம் குடியானவர்களைக் காப்பாற்றிய பூச்சி மட்டும் என்ன, எங்கும் உபகாரியா? ஆப்பிரிக்காவின் வடக்கே மொராக்கோ தேசத்தில், சப்பாத்திக் கள்ளியை ஏழைகளின் பயிர் என்றே சொல்ல வேண்டும். பழத்தை விற்பார்கள், கால்நடைக்குத் தீவனம் போடுவார்கள், கிராமத்துப் பெண்கள் கூட்டுறவுச் சங்கம் வைத்து விதையிலிருந்து எண்ணெய் எடுத்து விற்பார்கள். 2014-இல் அங்கே வெள்ளைப் பஞ்சு முளைத்தது. நம் ஊருக்கு 1926-இல் வந்த அதே இனம்தான்! வேலி வேலியாக, தோட்டம் தோட்டமாகக் கள்ளி காய்ந்து விழுந்தது. இங்கே எந்தப் பஞ்சைப் பார்த்துக் குடியானவன் நிம்மதிப் பெருமூச்சு விட்டானோ, அங்கே அதே பஞ்சைப் பார்த்து ஒரு தாயார் அடுப்பில் என்ன ஏற்றுவது என்று கலங்கினாள்.

அப்படியானால் செடியின் மேல் குற்றமா, பூச்சியின் மேல் குற்றமா? இரண்டும் தன் பாட்டுக்குப் பிழைக்கத்தான் பார்த்தன. ஆற அமர யோசிக்காமல் இடம் மாற்றியவர்கள் மனிதர்கள்.

* * *

வாய்தா முடிந்து இந்த வெள்ளிக்கிழமை எதிர் வீட்டுக்குப் போனேன். மாமி கோவிலுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். பழைய அரக்குப் பட்டுப் புடவை. அந்தக் காலத்துக் கோர்வை. பார்க்கவே லட்சணமாக இருந்தது. நான் கதையை ஆரம்பித்ததும், "சிவ சிவா, பூச்சியை நசுக்கிச் சாயமா?" என்று காதைப் பொத்திக்கொண்டாள்.

"மாமி, உங்கள் புடவை என்ன கலர்?"

"ஏன், அரக்கு."

"அரக்கு என்பது என்ன? புரச மரத்திலும் இலந்தையிலும் ஒட்டிக்கொண்டு வாழ்கிற ஒரு பூச்சி உண்டாக்குவதுதானே? அந்தக் காலத்தில் அதிலிருந்துதான் சிவப்புச் சாயம் எடுத்தார்கள். இப்போது ஆலைச் சாயம் வந்துவிட்டது. பெயர் மட்டும் நிலைத்துவிட்டது. பட்டோ கேட்கவே வேண்டாம், அதுவும் புழு கொடுத்தது."

மாமி முந்தானையை ஒரு தடவை பார்த்துக்கொண்டாள். பேசவில்லை. மாட்டுப்பெண் சிரிப்பை அடக்கிக்கொண்டு, "அக்கா, நான் போட்டுக்கற லிப்ஸ்டிக்கிலேகூட இருக்குமோ?" என்றாள். இருக்கலாம். காச்சினீல் சாயம் இன்னும் செத்துப் போகவில்லை. கார்மைன் என்ற பெயரில் உதட்டுச் சாயத்திலும், 'இ 120' என்ற எண்ணில் சில வெளிநாட்டு மிட்டாய், பானங்களிலும் சேருகிறது. சைவ நியமம் பார்க்கிறவர்கள் அட்டையைத் திருப்பிப் பார்த்து வாங்குங்கள்.

பிறகு தீர்ப்பைச் சொன்னேன். உங்களில் யாராவது தொட்டியில் சப்பாத்திக் கள்ளி வைத்திருந்தால் உங்களுக்கும் அதே தீர்ப்புத்தான்.

செடி மொட்டை மாடியில், தொட்டியிலேயே இருக்கட்டும். தரையில் நட வேண்டாம். ஒடிந்த தட்டைச் சுவருக்கு வெளியேயோ, குப்பை மேட்டிலோ, வேகவதிக் கரையிலோ வீசவே கூடாது. வெயிலில், சிமெண்டுத் தரையில் நன்றாக வற்றும்வரை போட்டு வைத்து, பிறகு எரித்துவிட வேண்டும். பெரிய முள்ளைவிட, அதன் அடியில் மயிர் போலக் கொத்தாக இருக்கும் பூ முள்தான் பொல்லாதது. குழந்தை கைக்கு எட்டாமல் வையுங்கள். ஏறிவிட்டால் தேய்க்காதீர்கள், இடுக்கியால் பிடுங்கி, மிச்சத்தை ஒட்டும் டேப்பை அழுத்தி எடுத்தால் வந்துவிடும். புதிதாக எந்தச் செடி வாங்கினாலும், அழகாக இருக்கிறதா என்று கேட்பதோடு, எந்த ஊர்ச் செடி, அடங்கி இருக்குமா என்றும் இரண்டு வார்த்தை கேட்டு வாங்குங்கள். ஆண்டர்ஸன் காலத்தில் அதைக் கேட்க ஆள் இல்லை. நமக்கு அந்தச் சாக்குக் கிடையாது.

மாமி சற்று நேரம் தொட்டியையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, "என் மாமனார் சொன்னது பொய்யில்லையே?" என்றாள்.

"ஒரு எழுத்துக்கூடப் பொய் இல்லை மாமி."

"அப்போ சரி" என்று செருப்பை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்கியவள், திரும்பிப் பார்த்து மாட்டுப்பெண்ணிடம் சொன்னாள்: "ஏண்டி, தெற்கு மூலையிலே வை. அங்கேதான் நாள் பூரா வெயில் இருக்கும்."